பிந்தி வந்தவரை மன்னித்த கட்டளை: மேன்முறையீடு செய்யலாமா?

வாசகர் கேள்வி: நான் வெள்ளவத்தையில் வசிக்கிறேன். புறக்கோட்டை நான்காம் குறுக்குத் தெருவில் மொத்த வியாபாரம் செய்யும் ஒருவருக்குச் செத்தல் மிளகாயும் வெங்காயமும் கடனுக்குக் கொடுத்த வகையில் 42 இலட்சம் ரூபாய் வர வேண்டியிருந்ததால், கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தேன். மறுமொழி சமர்ப்பிக்க வேண்டிய திகதியில் அவரும் வரவில்லை, அவருடைய சட்டத்தரணியும் வரவில்லை. ஒருதலைப்பட்ச விசாரணை நடந்து எனக்குச் சார்பாகத் தீர்ப்புக் கிடைத்தது. தீர்ப்பாணை கையளிக்கப்பட்ட பிறகு, அன்று டெங்குக் காய்ச்சலில் படுத்திருந்ததாகவும், சட்டத்தரணி திகதியைப் பிழையாகக் குறித்துக்கொண்டதாகவும் மனுச் செய்தார். நீதிபதி அதை ஏற்று, 25,000 ரூபாய் செலவுத்தொகை விதித்துத் தீர்ப்பை நீக்கிவிட்டார். சான்றிதழ் கொடுத்த டாக்டர் சாட்சி சொல்ல வரவேயில்லை. காய்ச்சல் மாறிய பிறகும் ஐந்து மாதமாக எதிராளி நீதிமன்றப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. அவர் கையெழுத்திட்டு, வராமல் போன அதே நாளின் திகதியிட்ட காசோலை ஒன்று என் நண்பரிடம் இருக்கிறது. மேன்முறையீடு செய்தால் இந்தக் கட்டளை நிச்சயம் உடையும் என்று வேறொரு சட்டத்தரணி சொல்கிறார். செய்யட்டுமா?

பதில்:

உங்கள் கோபம் எனக்கு விளங்குகிறது. கையில் கிடைத்த தீர்ப்பு, எதிராளியின் சொல்லை மட்டும் நம்பிப் பறிக்கப்பட்டதாக உங்களுக்குத் தோன்றுகிறது. ஆனால் “நிச்சயம் உடையும்” என்று உங்களுக்குச் சொன்னவரோடு என்னால் உடன்பட முடியவில்லை. கடிதத்தில் நீங்கள் அடுக்கியிருக்கும் காரணங்கள் எல்லாம், அந்த இடத்தில் வேறொரு நீதிபதி இருந்திருந்தால் மன்னித்திருக்க மாட்டார் என்பதையே காட்டுகின்றன. மேன்முறையீட்டு மன்றம் கேட்கும் கேள்வி வேறு. அந்த நீதிபதியின் முன் இருந்த சாட்சியத்தை வைத்துக்கொண்டு, அறிவும் நிதானமும் உள்ள ஒரு நீதிபதி அப்படி மன்னித்திருக்க முடியுமா என்றே அது பார்க்கும். முடியும் என்றால், மேல் மன்றத்தில் இருப்பவர் தாமாக இருந்தால் மறுத்திருப்பேன் என்று மனதுக்குள் நினைத்தாலும், கட்டளையில் கை வைக்க மாட்டார்.

முதலில் சட்டம் எங்கே நிற்கிறது என்று பார்ப்போம். குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 86(2) ஆம் பிரிவின்படி, ஒருதலைப்பட்சத் தீர்ப்பாணை கையளிக்கப்பட்ட 14 நாட்களுக்குள் எதிராளி வழக்காளிக்கு அறிவித்தல் கொடுத்து மனுச் செய்து, தான் வராமல் போனதற்கு நியாயமான காரணம் இருந்தது என்று நீதிமன்றத்தைத் திருப்திப்படுத்தினால், செலவுத்தொகை முதலிய தகுந்த நிபந்தனைகளோடு நீதிமன்றம் தீர்ப்பை நீக்கியாக வேண்டும். “நீக்கலாம்” என்று அந்தப் பிரிவு சொல்லவில்லை. “நீக்க வேண்டும்” என்றே சொல்கிறது. ஆகவே நீதிபதியின் தற்றுணிபு, அதாவது தம் மதிப்பீட்டின்படி தீர்மானிக்கும் சுதந்திரம், முழுவதும் அந்தத் “திருப்தி” என்ற ஒரு சொல்லுக்குள் அடங்கியிருக்கிறது. சாட்சிக்கூண்டில் நின்றவரைப் பார்த்து, குறுக்கு விசாரணையில் அவர் தடுமாறினாரா, நேராகச் சொன்னாரா என்று எடைபோட்டு வரும் திருப்தி அது. தட்டெழுத்துப் பிரதியை மட்டும் வாசிக்கும் மேல் மன்றத்துக்கு அந்த வசதி இல்லை.

மேல் மன்றங்களின் இந்தத் தயக்கம் நம் நாட்டில் மட்டும் உள்ளதல்ல. 1937 இல், அப்போது இங்கிலாந்தின் இறுதி மேன்முறையீட்டு மன்றமாக இருந்த பிரபுக்கள் சபை தீர்த்த எவன்ஸ் எதிர் பார்ட்லம் வழக்கு, நம் சட்டத்தரணிகள் இன்றும் கையில் எடுக்கும் வழக்கு. பந்தயக் கடன் ஒன்றுக்காக எதிராளி வராமலே பெறப்பட்ட தீர்ப்பை ஒரு நீதிபதி நீக்கினார். இடைநிலையில் இருந்த மேன்முறையீட்டு மன்றம் அந்தக் கட்டளையைப் புரட்டியது. பிரபுக்கள் சபையோ முதல் நீதிபதியின் கட்டளையையே மீண்டும் நிலைநிறுத்தியது. அதற்கு ஓராண்டுக்கு முன், 1936 இல், ஆஸ்திரேலியாவின் உச்ச நிலை நீதிமன்றம் ஹவுஸ் எதிர் மன்னர் என்ற வழக்கில், தற்றுணிபில் தலையிடக்கூடிய சந்தர்ப்பங்களை எண்ணிச் சொன்னது. பிழையான கோட்பாட்டின்மேல் நடந்திருக்க வேண்டும், அல்லது சம்பந்தமில்லாத விடயம் ஒன்று கணக்கில் எடுக்கப்பட்டிருக்க வேண்டும், அல்லது உண்மை நிகழ்வு பிழையாக விளங்கிக்கொள்ளப்பட்டிருக்க வேண்டும், அல்லது முக்கியமான விடயம் ஒன்று கவனிக்கப்படாமல் விடப்பட்டிருக்க வேண்டும். இவை எதுவும் வெளிப்படையாகத் தெரியாவிட்டாலும், முடிவே கண்ணால் பார்த்த மாத்திரத்தில் நியாயமற்றதாக இருந்தால் தலையிடலாம். அது ஒரு தண்டனைத் தீர்ப்பைப் பற்றிய வழக்கு. ஆனாலும் அதன் அளவுகோல், தற்றுணிபு எங்கெல்லாம் பரிசீலிக்கப்படுகிறதோ அங்கெல்லாம் பயன்படுகிறது. உங்கள் காரணங்கள் ஒவ்வொன்றையும் அந்த அளவுகோலில் வைத்துப் பார்க்க வேண்டும்.

உங்கள் நிலைமைக்கு மிக அருகில் வருவது, தமிழ்நாட்டில் தொடங்கி 1998 இல் இந்திய உச்ச நீதிமன்றத்தில் முடிந்த பாலகிருஷ்ணன் எதிர் கிருஷ்ணமூர்த்தி வழக்கு. அங்கே தாமதம் 883 நாட்கள். சட்டத்தரணி தன் கட்சிக்காரருக்கு எதையும் அறிவிக்காமல் விட்டதே காரணம் என்று சொல்லப்பட்டது. அந்தச் சட்டத்தரணிக்கு எதிராக நுகர்வோர் மன்றத்தில் கட்சிக்காரர் 50,000 ரூபாய் இழப்பீடும் பெற்றிருந்தார். கீழ் நீதிமன்றம் தாமதத்தை மன்னித்தது. சென்னை உயர் நீதிமன்றம் மீளாய்வில் அதை மாற்றியது. உச்ச நீதிமன்றம் கீழ் நீதிமன்றத்தின் கட்டளையை மீட்டெடுத்தது. தாமதத்தின் நீளத்தைவிட விளக்கத்தின் ஏற்புடைமையே முக்கியம் என்பது அந்தத் தீர்ப்பின் பிரபலமான பகுதி. உங்களுக்கு வேண்டியது அதற்கு அடுத்து வரும் பகுதி. கீழ் நீதிமன்றம் ஒரு விளக்கத்தை ஏற்று மன்னித்துவிட்டால், அது முற்றிலும் ஆதாரமற்றதாகவோ தான்தோன்றித்தனமாகவோ இருந்தாலொழிய மேல் மன்றம் சாதாரணமாகத் தலையிடக் கூடாது. மறுத்துவிட்டால், அந்தக் காரணத்தை மேல் மன்றம் புதிதாகவே எடைபோடலாம்.

இந்த ஏற்றத்தாழ்வு உங்களுக்கு அநீதியாகப் படலாம். மன்னித்தால் கதவு இறுகுகிறது, மறுத்தால் கதவு திறக்கிறது. ஆனால் இழப்பு இரண்டு பக்கமும் ஒரே அளவில் இல்லை என்பதை யோசித்துப் பாருங்கள். மன்னிப்பினால் உங்களுக்கு நேர்ந்தது தாமதம். உங்கள் வழக்கு அப்படியே உயிரோடு இருக்கிறது, கணக்குப் புத்தகமும் விற்பனைப் பட்டியல்களும் உங்களிடமே இருக்கின்றன. மறுப்பினால் எதிராளிக்கு நேர்வது, தன் பக்கத்தை ஒரு முறையேனும் சொல்லாமலே 42 இலட்சம் கட்ட வேண்டிய நிலை. மேல் மன்றங்கள் மன்னிப்பைத் தொடத் தயங்குவதற்கு வேர் இதுதான். எவன்ஸ் வழக்கிலும் பிரபுக்கள் சொன்னதன் சாரம், இரு பக்கத்தையும் கேட்டுத் தீர்க்காத தீர்ப்பைத் திரும்பப் பெறும் அதிகாரம் நீதிமன்றத்துக்கு இருந்தே ஆக வேண்டும் என்பதுதான்.

அதற்காக எந்தச் சாட்டும் எடுபடும் என்று நினைத்துவிட வேண்டாம். மலாயாவிலிருந்து, லண்டனில் இருந்த இறுதி மேன்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சிலுக்குப் போன ரத்தினம் எதிர் குமாரசாமி வழக்கில், மேன்முறையீட்டு ஆவணங்கள் சில நாட்களே பிந்தியிருந்தன. சமரசம் வரும் என்று எதிர்பார்த்து இருந்துவிட்டோம் என்பதே காரணம். மலாயா நீதிமன்றம் கால நீடிப்பு மறுத்தது. 1964 இல் பிரிவி கவுன்சில் அதில் தலையிட மறுத்து, விதிகள் கடைப்பிடிக்கப்படவே உள்ளன, நீடிப்புக் கேட்பவர் தற்றுணிபைச் செலுத்துவதற்கு ஏதேனும் ஆதாரத்தை முன்வைக்க வேண்டும் என்றது. மன்னிப்பைப் பற்றிய வழக்குகளில் கொழும்பிலும் மேற்கோள் காட்டப்படும் வாக்கியம் அது. மேல் மன்றத்தின் தயக்கம் அங்கே மறுப்புக்கும் பாதுகாப்புக் கொடுத்தது என்பதைக் கவனியுங்கள். உங்கள் நீதிபதி மறுத்திருந்தால், எதிராளியும் மேலே போய்த் திணறியிருக்கக்கூடும்.

அமெரிக்காவில் 2004 இல் தீர்ந்த பின்கே எதிர் ஆண்ட்ரூஸ் வழக்கில் இது இன்னும் வெளிப்படையாக வந்தது. அறிவித்தல் கொடுக்க 30 நாள் இருந்த இடத்தில், சட்ட நிறுவனத்தின் உதவியாளர் 60 நாள் என்று விதியைப் பிழையாக வாசித்துவிட்டார். 24 நாள் பிந்தியது. விதி தெளிவானது, நிறுவனம் அனுபவமுள்ளது, ஆகவே சாட்டு மிகப் பலவீனமானது. ஆனாலும் மாவட்ட நீதிபதி மன்னித்தார். ஒன்பதாவது வட்டார மேன்முறையீட்டு மன்றத்தின் விரிந்த அமர்வு, அதே நீதிபதி மறுத்திருந்தாலும் தாங்கள் அதை மாற்றக் காரணம் கண்டிருக்க முடியாது என்று ஒப்புக்கொண்டுகொண்டே, மன்னிப்பை உறுதிசெய்தது. அமெரிக்கத் தீர்ப்பு நம் நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தாது. என்றாலும் கீழ் நீதிபதியின் முன் இரண்டு வாசல்களும் திறந்திருந்தன என்று மேல் மன்றமே சொல்வதை இவ்வளவு நேர்மையாக நான் வேறெங்கும் வாசித்ததில்லை.

இனி உங்கள் மூன்று காரணங்களுக்கு வருகிறேன்.

டாக்டர் சாட்சி சொல்லவில்லை என்பது நல்ல வாதம், ஆனால் அது முதல் மன்றத்துக்குரிய வாதம். எதிராளி சாட்சிக்கூண்டில் ஏறித் தன் காய்ச்சலைப் பற்றிச் சொல்லியிருந்தால், சான்றிதழை ஒதுக்கிவிட்டாலும் அவருடைய வாய்மொழி எஞ்சி நிற்கிறது. அதை நம்பினேன் என்று நீதிபதி எழுதியிருந்தால், அதை உடைப்பது கடினம். சான்றிதழை மட்டுமே வைத்துக்கொண்டு, அது ஆட்சேபிக்கப்பட்ட பின்னரும் நிரூபிக்கப்பட்டதாகக் கொண்டிருந்தால், அது கோட்பாட்டுப் பிழை. கட்டளையை வாசிக்காமல் இவற்றில் எது என்று நான் சொல்ல முடியாது.

ஐந்து மாத மௌனம் உங்கள் மனதில் மிகக் கனமாக இருப்பது தெரிகிறது. சட்டத்தில் அது அவ்வளவு கனமில்லை. 86(2) கேட்பது, தவறிய அந்தத் திகதியில் வராததற்கான காரணத்தை. தீர்ப்பு வருமுன், ஒருதலைப்பட்ச விசாரணைக்கான கட்டளையை நீக்க 86(2A) ஆம் பிரிவின்கீழ் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. ஆனால் அதற்கு வழக்காளியான உங்கள் சம்மதம் வேண்டும், அது இல்லாமல் முடியாது. எதிராளி இடையில் வந்து கேட்டிருந்தால், நீங்கள் சம்மதித்திருப்பீர்களா? மௌனம் நம்பகத்தன்மையைப் பற்றிய ஒரு கேள்வியாக மட்டும் நிற்கிறது. அதை எடைபோட வேண்டியவர் அந்த நீதிபதி. அவர் அதைக் குறிப்பிட்டு, ஆனாலும் நம்பினேன் என்று சொல்லியிருந்தால், மேல் மன்றம் விட்டுவிடும்.

சட்டத்தரணியின் திகதிப் பிழையைப் பற்றி ஒரு வார்த்தை. புதுக்கடையில் இளம் சட்டத்தரணியாக இருந்த காலத்தில், நானும் ஒரு முறை 6 ஐ 9 என்று நாட்குறிப்பில் எழுதிவிட்டு, என் மூத்தவரின் முகத்தைப் பார்க்கத் துணிவில்லாமல் நின்றிருக்கிறேன். சத்தியக்கடதாசி முடித்து, நீதிபதியிடம் ஏச்சும் வாங்கி, செலவுத்தொகையோடு வழக்கைத் திரும்பப் பெற்றோம். அதனால் நான் இந்த விடயத்தில் முற்றிலும் பக்கச்சார்பற்றவன் அல்லன் என்பதைச் சொல்லிவிடுகிறேன். நம் நீதிமன்ற வரலாறும் இந்தப் பக்கம் சாய்ந்தே வந்திருக்கிறது. 1930களில் யாழ்ப்பாண நகர மாவட்ட சபைக்கு எதிரான வேலுப்பிள்ளை வழக்கில், சபைக்குப் பதிலாகத் தலைவரை எதிராளியாகப் போட்ட புரொக்டரின் (அக்காலச் சட்டத்தரணியின்) பிழையைத் திருத்த அனுமதித்த பிரதம நீதியரசர் ஏப்ரகாம்ஸ், இது நீதி வழங்கும் மன்றம், சட்டக் கலாசாலை அன்று என்று சொன்னார். ஒவ்வொரு பிந்திய மனுவிலும் அந்த வாக்கியத்தை எழுதி எழுதி நாங்கள் தேய்த்துவிட்டோம் என்பது வேறு விடயம்.

காசோலையே உங்கள் கடிதத்தில் என்னை நிமிர்ந்து உட்கார வைத்தது. ஆனால் அதைப் பற்றி இரண்டு கேள்விகள். அது விசாரணையில் ஆவணமாக அடையாளமிடப்பட்டதா? அடையாளமிடப்பட்டு, எதிராளியிடம் கேள்வி கேட்கப்பட்டு, கட்டளையில் அதைப் பற்றி ஒரு சொல்லும் இல்லையென்றால், முக்கியமான விடயம் ஒன்று கவனிக்கப்படாமல் விடப்பட்டது என்று நீங்கள் உரத்துச் சொல்லலாம். ஹவுஸ் வழக்கின் அளவுகோலில் அது நேராகப் பொருந்துகிறது. ஆனால் கட்டளை வந்த பிறகுதான் நண்பர் அதைத் தேடி எடுத்தார் என்றால், மேன்முறையீட்டில் அது உங்களுக்கு உதவாது என்றே எண்ணிக்கொள்ளுங்கள். மேல் மன்றம் கீழே பதியப்பட்ட வழக்கேட்டை வைத்தே பார்க்கும். இரண்டாவது கேள்வி, வியாபாரியான உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரிந்தது. புறக்கோட்டையில் காசோலையில் எழுதியிருக்கும் திகதி, கையெழுத்திட்ட திகதியா? மூன்று மாதம் முன்னரே எழுதிக் கொடுக்கும் பிற்திகதியிட்ட காசோலைதானே அங்கே நடைமுறை. டெங்கில் படுத்திருந்த மனிதரின் காசோலை, அன்றைய திகதியோடு உலாவுவதில் எந்த அதிசயமும் இல்லை.

நீங்கள் குறிப்பிடாத ஒரு திகதிதான் என்னை அதிகம் உறுத்துகிறது. தீர்ப்பாணை எதிராளியிடம் எந்த நாளில் கையளிக்கப்பட்டது, மனு எந்த நாளில் பதிவகத்தில் ஒப்படைக்கப்பட்டது? இதுவரை நான் சொன்ன தயக்கம் எல்லாம், வராததற்கான காரணத்தை எடைபோடுவதற்கு உரியது. 14 நாள் எல்லை அப்படியல்ல. அது நீதிமன்றத்தின் நியாயாதிக்கத்துக்கே, அதாவது மனுவை விசாரிக்கும் அதிகாரத்துக்கே, முன்நிபந்தனை என்று நம் மன்றங்கள் கருதுகின்றன. அந்த நாட்களைத் தாண்டி வந்த மனுவை, காரணம் எவ்வளவு உருக்கமானதாக இருந்தாலும், மாவட்ட நீதிபதி ஏற்க முடியாது. ஏற்றிருந்தால், மேல் மன்றம் அங்கே தயங்க வேண்டியதில்லை. இந்த வேறுபாட்டின் கூர்மையை 2007 இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்த்த பௌல்ஸ் எதிர் ரஸல் வழக்கில் பார்க்கலாம். சட்டம் 14 நாள் கொடுத்திருக்க, மாவட்ட நீதிபதி பிழையாக 17 நாள் கொடுத்துவிட்டார். நீதிபதி சொன்ன நாளுக்குள்ளேயே அறிவித்தல் வந்தும், நீதிமன்றம் 5க்கு 4 என்ற பெரும்பான்மையில் அதை நிராகரித்தது. நீதிபதியின் சொல்லை நம்பி வந்தவரைக்கூட அந்த எல்லை காப்பாற்றவில்லை. கடுமையான முடிவு, எனக்குப் பிடித்தமான முடிவுமல்ல. ஆனால் சட்டம் விதித்த எல்லையும் நீதிபதியின் தற்றுணிபும் இரண்டு வேறு பொருட்கள் என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்ட முடியாது. ஆகவே வழக்கேட்டில் இருக்கும், தீர்ப்பாணையைக் கையளித்த பிஸ்கால் உத்தியோகத்தரின் அறிக்கையையும், மனுவின்மேல் பதிவகம் இட்ட திகதி முத்திரையையும் உங்கள் சட்டத்தரணியைக் கொண்டு ஒப்பிட்டுப் பார்க்கச் சொல்லுங்கள்.

கட்டளையையும் ஒரு முறை முழுமையாக வாசியுங்கள். 88(2) ஆம் பிரிவு, இத்தகைய கட்டளையோடு உண்மை நிகழ்வுகளைத் தீர்மானித்து, காரணங்களைக் குறிப்பிடும் ஒரு தீர்ப்பும் இருக்க வேண்டும் என்கிறது. அதே பிரிவுதான் உங்களுக்கு மேன்முறையீட்டு உரிமையையும் தருகிறது. இரண்டு பக்கத்தையும் கேட்டேன், மனுவை அனுமதிக்கிறேன் என்று இரண்டு வரியில் முடித்திருந்தால், தற்றுணிபுக்கு மதிப்புக் கொடுக்க மேல் மன்றத்தின் முன் எதுவும் இருக்காது. காரணம் சொல்லாத தற்றுணிபை யார் எப்படி மதிப்பது? அப்படிப்பட்ட கட்டளையாக இருந்தால், என் ஆலோசனை மாறும்.

நாள் முறைப்படிதான் இருக்கிறது, காரணங்களும் எழுதப்பட்டிருக்கின்றன, காசோலையும் விசாரணையில் காட்டப்படவில்லை என்றால், மேன்முறையீடு செய்ய வேண்டாம் என்பேன். மேல் மாகாணக் குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றத்தில் இரண்டு நீதிபதிகளுக்குக் குறையாத அமர்வு அதைக் கேட்கும். அங்கே தோற்றால், 2006 ஆம் ஆண்டின் 54 ஆம் இலக்கச் சட்டத்தின்படி அனுமதி பெற்று நம் நாட்டின் இறுதி மன்றமான உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். அதற்குள் போகும் ஆண்டுகளில் மூல வழக்கே முடிந்து, 42 இலட்சத்துக்கு இரு பக்கமும் கேட்ட தீர்ப்பு உங்களிடம் இருக்கக்கூடும். அப்படிப்பட்ட தீர்ப்பை மீண்டும் டெங்கு தட்டிப் பறிக்க முடியாது. இப்போதைக்கு, மறுமொழி சமர்ப்பிக்கும் திகதியை இறுக்கமாக விதிக்கவும், செலவுத்தொகையை அந்தத் திகதிக்கு முன் கட்ட வேண்டும் என்று நிபந்தனையிடவும் நீதிமன்றத்தைக் கேளுங்கள். விற்பனைப் பட்டியல்களின் மூலப்பிரதிகளைச் சேகரித்து வையுங்கள்.

மேலே போகவே தீர்மானித்தால், உங்களுக்கும் நாட்கள் ஓடிக்கொண்டிருக்கின்றன. கட்டளை வந்த நாளும், அறிவித்தலைக் கொடுக்கும் நாளும், ஞாயிறும், போயா உள்ளிட்ட பொது விடுமுறையும் நீங்கலாக 14 நாட்களுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தல் கொடுக்க வேண்டும். மேன்முறையீட்டு மனு கட்டளைத் திகதியிலிருந்து 60 நாட்களுக்குள் வர வேண்டும், அதில் விடுமுறை எதுவும் கழிக்கப்படாது. மற்றைய தவறுகளை மன்னிக்க இடம் கொடுக்கும் 759(2) ஆம் பிரிவு, கால எல்லையை வெளிப்படையாகவே விலக்கி வைத்திருக்கிறது. 765 ஆம் பிரிவின்கீழ் பிந்திய மேன்முறையீடு ஏற்கப்பட வேண்டுமென்றால், உங்கள் கட்டுப்பாட்டுக்கு அப்பாற்பட்ட காரணம் இருந்ததைக் காட்டியாக வேண்டும். கட்டளை எந்த நாளில் வந்தது என்றும் உங்கள் கடிதத்தில் இல்லை. நாளைக் காலையே உங்கள் சட்டத்தரணியிடம் அந்தத் திகதியைக் கேட்டு, நாட்காட்டியை முன்னால் வைத்துக்கொண்டு இருவரும் சேர்ந்து எண்ணுங்கள்.